செப்டென்ட்ரியோனல் மாப்பிள்ளை

எங்கள் அப்பாவின் ஆங்கிலம் எஸ் எழுத்தில்தான் தொடங்கும். அதற்கு முந்தைய பதினெட்டு எழுத்துகளையும் கரையான் தின்றுவிட்டது.

நான் பிறப்பதற்கு முன்னால் குற்றாலத்தில் ஒரு வெள்ளைக்கார துரை பங்களாவைக் காலி செய்துவிட்டுக் கப்பலேறியபோது சாமான்களை ஏலம் விட்டார்களாம். ஊரார் நாற்காலி, கட்டில், பீங்கான் தட்டு என்று அள்ளிக்கொண்டு வந்தார்கள். அப்பா ஓர் அகராதியைத் தூக்கிக்கொண்டு வந்தார். செங்கல் கனம். முன்பாதி பொடிப்பொடியாக உதிர்ந்து போக, முழுசாக மிஞ்சிய முதல் பக்கம் ஸ்கேர்குரோ என்ற சொல்லில் ஆரம்பித்தது. சோளக்கொல்லைப் பொம்மை. அங்கிருந்து கடைசி வரைக்கும் பழுதில்லை. ஏலக்காரன் காசு வேண்டாம் என்று சொல்லியும் அப்பா கௌரவமாக நாலணா கொடுத்துவிட்டு வந்ததாகச் சொல்வார்.

அப்பா சர்வேயர். வயல், தோப்பு, மனை எல்லாவற்றுக்கும் எல்லை அளந்து கொடுக்கிற சர்க்கார் உத்தியோகம். அந்த அகராதியில் ஸ்கேர்குரோவுக்குக் கொஞ்சம் தள்ளி அவர் கண்டெடுத்த சொல்தான் செப்டென்ட்ரியோனல். வடக்கு சார்ந்தது, வடதிசைக்குரியது என்று பொருள். திசையே பிழைப்பாக இருக்கிற மனிதருக்குத் திசைக்கு இப்படி ஒரு பட்டுக்குஞ்சம் கிடைத்தால் விடுவாரா? அன்றிலிருந்து நார்த் என்ற சொல்லை அவர் நாக்கில் படவிடவில்லை.

எங்கள் பக்கத்தில் இடது வலது என்பதெல்லாம் செருப்புக்கு மட்டும்தான். மற்ற எல்லாவற்றுக்கும் திசைதான். பந்தியில் பக்கத்தில் இருப்பவரை "செத்த மேக்க தள்ளி உக்காருங்க" என்பார்கள். முதுகு சொறியச் சொன்னால்கூட "இன்னும் கொஞ்சம் தெக்க" என்பார்கள். இப்படிப்பட்ட ஊரில் அப்பா வடக்குக்கு மட்டும் துரை வேஷம் கட்டிவிட்டார். "செப்டென்ட்ரியோனல் மூலையில தேங்கா கெடக்கு, எடுத்துட்டு வா ஏட்டி" என்பார். தெற்கு மூலையில் கிடக்கும் தேங்காய்க்கு அந்த மரியாதை கிடையாது. தெற்குக்கும் கிழக்குக்கும் மேற்குக்கும் அதே மாதிரி பகட்டான சொற்கள் ஆங்கிலத்தில் உண்டு. அவையெல்லாம் எம்மிலும் ஓவிலும் இருந்தன. கரையான் வயிற்றில் இருந்தன என்று சொல்வதே சரி.

ஒரு முறை ஒரு நிலத்தின் புலப்படத்தோடு அனுப்பிய அறிக்கையில் வடக்கு எல்லைக்கு அந்தச் சொல்லை எழுதிவிட்டார். மேலதிகாரி சிவப்பு மையில் வட்டம் போட்டு, பக்கத்தில் கேள்விக்குறி போட்டு, கீழே "இனி நார்த் என்றே எழுதவும்" என்று திருப்பி அனுப்பினார். ஆபீசில் அப்பாவுக்குச் செப்டம்பர் சர்வேயர் என்று பேர் வந்தது. அப்பா அதற்கெல்லாம் கூசவில்லை. "அறிவு கெட்டவன்ட்ட போயி அகராதி பேசுனது எந்தப்பு" என்று சொல்லிவிட்டுக் கைகழுவச் செப்டென்ட்ரியோனல் பக்கம் போனார். கிணறு அங்கேதான் இருந்தது.

சொல்லின் கதையையும் அவரே சொல்வார். வீட்டுக்கு வந்த எவரும் அதைக் கேட்காமல் தப்ப முடியாது. லத்தீனில் செப்டெம் என்றால் ஏழாம். ட்ரியோன் என்றால் உழவு மாடாம். வடவானத்தில் இருக்கிற ஏழு நட்சத்திரத்தையும் ரோமாபுரிக்காரர்கள் ஏழு ஏர்மாடுகளாகப் பார்த்தார்களாம். அதனால் ஏழு மாட்டுத் திசை என்று வடக்குக்குப் பேர். நாம் அதே ஏழையும் சப்தரிஷி என்கிறோம். அவர்கள் கண்ணுக்கு மாடு, நம் கண்ணுக்கு முனிவர். இதைக் கேட்டுவிட்டு அம்மா ஒரே ஒரு முறை, "ஏழும் நமக்கு ஒரு படி பால் கறக்கவா போவுது" என்றார். மற்றபடி அம்மா அந்தச் சொல்லைப் பற்றி வாய் திறந்ததில்லை. ஆனால் அப்பா செப்டென்ட்ரியோனல் என்றால் அம்மா தலை தானாக வடக்கே திரும்பும். அம்மாவுக்கு ஆங்கிலத்தில் ஓர் எழுத்து தெரியாது. வந்தவர்களுக்குச் சொன்னது காதில் விழுந்ததுதான், அவருக்கென்று யாரும் உட்கார்ந்து விளக்கியதில்லை.

இந்தச் சொல் தேங்காயோடும் கிணற்றோடும் நின்றிருந்தால் எனக்கு ஒன்றும் நஷ்டமில்லை. என் கல்யாணத்துக்கு வந்து உட்கார்ந்துகொண்டது.

நான் ஒரே பிள்ளை. எழுபதுகளின் பின்பாதி. தென்காசியில் ஒரு டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட்டில் சொல்லிக்கொடுக்கும் வேலை எனக்கு. ஹையர் பாஸ் பண்ணியவள், ஆங்கிலம் வரும் என்ற திமிரும் உண்டு. மாப்பிள்ளை பார்க்க ஆரம்பித்தபோது அப்பா என் ஜாதகத்தை எடுத்துக்கொண்டு மாசி வீதி ஜோசியரிடம் போனார். ஜாதகப் பொருத்தம் பார்க்கிறவர்கள் எங்கள் பக்கத்தில் இன்னொன்றும் கேட்பார்கள். மாப்பிள்ளை எந்தத் திசையிலிருந்து வருவான்? ஜோசியர் சோழியை உருட்டி, விரலை மடக்கி, "பொண்ணு பொறந்த எடத்துக்கு வடக்க இருந்து வருவான்" என்று சொல்லிவிட்டார்.

வேறு எந்தத் திசையைச் சொல்லியிருந்தாலும் அப்பா தலையாட்டிவிட்டு மறந்திருப்பார். வடக்கு என்றதும் முகம் மலர்ந்து வீட்டுக்கு வந்தார். வாசலில் செருப்பைக் கழற்றும்போதே, "ஏட்டி, ஒனக்குச் செப்டென்ட்ரியோனல் மாப்பிள்ளை!" என்றார்.

முதலில் வந்தது செங்கோட்டை ஜாதகம். ரயில் நிலையத்தில் பார்சல் பிரிவில் வேலை. பத்துப் பொருத்தத்தில் எட்டு இருந்தது. தரகர் அவசரப்பட்டுப் பெண் பார்க்கவே கூட்டி வந்துவிட்டார். மாப்பிள்ளை, அவருடைய அம்மா, ஒரு சித்தப்பா. நான் காபித் தட்டோடு போனேன். தட்டை நீட்டும்போது ஒரு தம்ளர் சரிந்து அவர் சட்டையில் பாதி கொட்டிவிட்டது. எனக்கு உயிரே போய்விட்டது. அவருடைய அம்மா செங்கோட்டைக்காரர், பாதி மலையாளம். "சாரமில்ல மோளே, சாரமில்ல" என்றார், பரவாயில்லை என்பதற்கு. மாப்பிள்ளை மிச்சக் காபியைக் குடித்துப் பார்த்துவிட்டு, "காபி நல்லாத்தான் இருக்கு. சட்டைக்கும் பிடிச்சுப் போச்சு" என்றார்.

அந்த 'சட்டைக்கும்' என்பதில் இருந்த 'உம்'மை நான் ராத்திரி முழுவதும் நினைத்துக்கொண்டு கிடந்தேன். எனக்கு அவரைப் பிடித்திருந்தது. கல்யாணமானாலும் எட்டு கிலோமீட்டரில் என் வேலை, என் ஊர், ஆனி ஆடிச் சாரல் எல்லாம் அப்படியே இருக்கும் என்பதும் பிடித்திருந்தது.

அவர்கள் தெருமுனை தாண்டவில்லை, அப்பா திசை பார்க்கும் பித்தளைக் காம்பஸை எடுத்துக்கொண்டு வாசற்படிக்கு வந்துவிட்டார். படியில் தாலுகா வரைபடத்தை விரித்தார். காம்பஸை வைத்துப் படத்தைத் திருப்பினார். ஸ்கேல் வைத்துக் கோடு போட்டார். ஊரில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும் செங்கோட்டை மேற்கே இருக்கிறது என்று. அதற்குக் காம்பஸ் வேறு.

"நல்ல எடம்தான். ஆனா செப்டென்ட்ரியோனல் இல்லியே" என்றார் அப்பா.

"அதுக்கு?" என்றேன்.

"அதுக்கு என்ன அதுக்கு? வேண்டாம்னு எழுதிப் போட வேண்டியதுதான்."

ஜாதகத்தையும் போட்டோவையும் திருப்பி அனுப்பும் வேலை, வீட்டில் தபால் எழுதத் தெரிந்தவள் என்பதால், என் தலையில்தான் விழுந்தது. ஜாதகத்தை உறையில் வைத்து அனுப்பினேன். போட்டோவை அனுப்பவில்லை. அப்பாவின் அகராதியில், எந்தச் சொல்லால் இந்த வினை வந்ததோ அந்தச் சொல் இருக்கும் பக்கத்திலேயே செருகி வைத்தேன். அப்பாவுக்கு அந்தப் பக்கம் மனப்பாடம், திறந்து பார்க்க மாட்டார் என்று எனக்குத் தெரியும்.

அப்புறம் எட்டு மாசம் எங்கள் வீட்டில் வடக்கு யாத்திரை நடந்தது. கடையநல்லூர் ஒன்று வந்தது. திசை சரி, பையனுக்கு வயசு நாற்பதை நெருங்கியிருந்தது. ராயகிரியிலிருந்து ஒன்று வந்தது. நிலபுலம், போலீஸ் உத்தியோகம், நல்ல உயரம். அப்பா படத்தில் கோடு போட்டுக் கோணமானியை வைத்துப் பார்த்தார். "இருபத்தஞ்சு டிகிரி கெழக்க சாயுது. இது வடக்கு இல்ல, வடக்கு மாதிரி" என்று தள்ளிவிட்டார். அந்தப் போலீஸ்காரர் தன்னை எதற்காக வேண்டாம் என்றார்கள் என்று இன்றுவரை தெரியாமல்தான் இருப்பார்.

நான் சும்மா இருக்கவில்லை. அப்பாவோடு மல்லுக்கு நின்றேன். ஜோசியம் பொய் என்றேன். அடுத்த வாரம், ஜோசியம் மெய் என்றாலும் டிகிரிக் கணக்கு அதில் கிடையாது என்றேன். நூலகத்துக்குப் போய் முழு அகராதி ஒன்றைப் புரட்டி, செப்டென்ட்ரியோனல் என்பது வழக்கொழிந்த சொல், இங்கிலாந்துக்காரனே அதை இப்போது சொல்வதில்லை என்று குறித்துக்கொண்டு வந்து படித்துக் காட்டினேன்.

"சொல்லு வழக்கொழிஞ்சா என்ன? வடக்கு ஒழிஞ்சிட்டாட்டி?" என்றார் அப்பா.

மெரிடியோனல் என்றால் தெற்கு, ஆக்சிடெண்டல் என்றால் மேற்கு, அதற்கும் இதே மதிப்பு உண்டு என்றேன். "எங்கன போட்டிருக்கு? நம்ம டிக்சனரியில இல்லியே" என்றார். கரையான் தின்றதெல்லாம் உலகத்திலேயே இல்லை என்று நம்புகிற மனிதரிடம் என்ன பேசுவது? ஒரு நாள் அவர் காம்பஸ் வைத்துக் குனிந்திருந்தபோது, நான் பக்கத்தில் அரிவாள்மணையைப் போட்டுக்கொண்டு வாழைக்காய் நறுக்க உட்கார்ந்தேன். இரும்பு பக்கத்தில் இருந்தால் முள் விலகும் என்று அவரே எனக்குச் சொல்லிக்கொடுத்ததுதான். முள் லேசாக ஆடியது. அப்பா தலை நிமிராமலே, "அருவாமணையைத் தூக்கிட்டு அடுக்களைக்குப் போ ஏட்டி" என்றார்.

பாதிச் சண்டை ஆங்கிலத்திலும் மீதிச் சண்டை டிகிரியிலும் நடந்ததால் அம்மாவை நாங்கள் இதில் சேர்க்கவில்லை. அம்மா குழம்பு வைத்தார், துணி காயப்போட்டார், மாசத்துக்கு ஒரு தடவை அகராதியை வெயிலில் வைத்து வேப்பிலை போட்டு எடுத்து வைத்தார். மிச்சப் பாதியையாவது கரையானிடமிருந்து காப்பாற்றுகிற பொறுப்பு அவருடையது.

அப்போதுதான் டெல்லி வந்தது. ராயகிரிப் பக்கம் பூர்வீகம், டெல்லியில் குடியேறிய குடும்பம். மத்திய சர்க்கார் வேலை. போட்டோவில் மாப்பிள்ளை கம்பளிச் சட்டையும் கழுத்துத் துண்டுமாக, சளி பிடித்தவர் மாதிரி நின்றார். அப்பா என் பள்ளிக்கூடத்து அட்லஸைத் தேடி எடுத்து இந்தியப் படத்தில் தென்காசியில் ஸ்கேலை வைத்தார். ஸ்கேல் நேரே டெல்லியில் போய் நின்றது. இரண்டு ஊருக்கும் ஒரே தீர்க்கரேகைதான், எழுபத்தேழும் சொச்சமும். அப்பாவுக்குக் கண் கலங்கிவிட்டது. "பாரேன், ஒரு நூல் சாயல. சுத்தமான செப்டென்ட்ரியோனல்!" என்றார். நடுவில் கிடந்த ஆறு மாநிலங்களும், மூன்று நாள் ரயிலும், அங்கே போனால் நான் வேலையை விட வேண்டும் என்று கடிதத்தில் அவர்கள் அடிக்கோடிட்டு எழுதியிருந்ததும் அந்த ஸ்கேலுக்கு அடியில் மறைந்து போயின.

இரண்டு வாரம் கழித்து அவர்கள் வீட்டுப் பெரியவர்கள் தாம்பூலம் மாற்ற வருவதாக ஏற்பாடாயிற்று. நான் சாப்பிடாமல் கிடந்தேன். ஆனிமாசக் காற்று கோபுரப் பிளவுக்குள் புகுந்து தெருவெல்லாம் சுற்றியது. எங்கள் ஊர்க் கோபுரம் அப்போது மொட்டையாக, இரண்டாகப் பிளந்து நின்ற காலம். என் நெஞ்சும் அப்படித்தான் இருந்தது என்று எழுதலாம். ஆனால் உண்மையில் எனக்குத் துக்கத்தைவிட ஆத்திரம்தான் அதிகமாக இருந்தது.

அந்த வாரமே செவ்வாய்க்கிழமை காலையில் சுந்தரபாண்டியபுரத்திலிருந்து அண்ணன் தம்பி இரண்டு பேர் அப்பாவைத் தேடி வீட்டுக்கு வந்தார்கள். வரப்புத் தகராறு. தம்பிக்காரன் தானே கயிறு பிடித்து அளந்து, அண்ணன் தன் நிலத்தில் புகுந்துவிட்டான் என்று வேலி அடித்திருக்கிறான். அப்பா நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார். எல்லைத் தகராறு என்று யார் வந்தாலும் அவருடைய முதல் கேள்வி ஒன்றேதான்.

"எந்தக் கல்லுல இருந்துலே அளந்தே?"

"கல்லு எங்கன கெடக்குன்னு தெரியல அண்ணாச்சி. மூலையில ஒரு பனைமரம் நிக்கி. அதுல இருந்து அளந்தேன்."

அப்பாவுக்கு ரத்தம் தலைக்கேறிவிட்டது. "பனைமரம் ஒங்க தாத்தா வச்சது. கல்லு சர்க்கார் நட்டது. தப்பான எடத்துல நின்னுக்கிட்டு நீ நூறு தடவை சரியா அளந்தாலும் அது தப்புதாம்லே! மொதல்ல கல்லைக் கண்டுபிடிக்கணும். அப்புறம்தான் கயித்தைத் தொடணும்."

அம்மா காபி கொண்டு வந்தார். இரண்டு பேருக்கும் கொடுத்தார். அப்பாவுக்கும் கொடுத்தார். வெறும் தட்டை இடுப்பில் அணைத்துக்கொண்டு நின்றபடியே, உப்பு இருக்கிறதா என்று கேட்கிற குரலில் கேட்டார்.

"ஏங்க, அப்போ நம்ம பிள்ளையை எந்தக் கல்லுல இருந்து அளந்தீங்க?"

அப்பாவுக்கு விளங்கவில்லை. "என்ன சொல்லுத?"

"பொண்ணு பொறந்த எடத்துக்கு வடக்கன்னுதான ஜோசியர் சொன்னாரு? நீங்க இந்த வாசப்படியில காம்பஸ் வச்சு அளக்கீங்க. பிள்ளை இந்த வீட்டுலயா பொறந்தா? தலைப்பிரசவம். குத்தாலத்துல எங்க அப்பா வீட்டுல வச்சுப் பெத்தேன். இதே ஆனிச் சாரல்ல. நீங்க அப்போ ராயகிரிப் பக்கம் கேம்பு. பதினோராம் நாள்தான் வந்து எட்டிப் பாத்தீங்க. ஜாதகத்துல தென்காசின்னு எழுதச் சொன்னது நீங்க. பெத்தவ கிட்ட யாரும் கேக்கல."

வேலி அடித்த தம்பிக்காரன், காபித் தம்ளரைக் கீழே வைத்துவிட்டு, "அப்போ அண்ணாச்சியும் பனைமரத்துல இருந்துதான் அளந்திருக்காவ" என்றான்.

அவன் அண்ணன், நேற்றுவரை அவனை வெட்டுவேன் குத்துவேன் என்று திரிந்தவன், அடக்க முடியாமல் சிரித்தான். இருவரும் சேர்ந்தே பஸ் ஏறிப் போனார்கள் என்று கேள்வி. நான் கதவுக்குப் பின்னால் நின்றுகொண்டு என் வாயைப் பொத்திக்கொண்டேன். மூன்று மைல் தள்ளிப் பிறந்தவள் நான் என்பது எனக்கும் தெரியும். ஒவ்வொரு சீசனுக்கும் அந்த வீட்டுக்குப் போய் அருவியில் குளித்து வருகிறேன். எட்டு மாசச் சண்டையில் இது எனக்கும் உறைக்கவில்லை. நானும் அப்பாவோடு சேர்ந்து அந்தப் பனைமரத்தடியில்தான் நின்றிருக்கிறேன்.

மறுநாள் அப்பா காம்பஸ், வரைபடம், குடை மூன்றையும் எடுத்துக்கொண்டு தனியாகக் குற்றாலம் பஸ் ஏறினார். அங்கே நடந்ததை அந்த வீட்டில் இருக்கும் என் தாய்மாமா பிறகு சொன்னார். நான் பிறந்த அறையை மாமா சீசனுக்குப் பழக்கடைக்காரருக்கு விட்டிருந்தாராம். அறை முழுக்க மங்குஸ்தான் கூடைகள். அப்பா ஒவ்வொன்றாக நகர்த்தி, தரையைத் துடைத்து, "கட்டில் எங்கன கெடந்தது?" என்று கேட்டுக் கேட்டு இடத்தை நிச்சயம் பண்ணி, சம்மணம் போட்டு உட்கார்ந்து அளந்தாராம். அளந்த பிறகு வெகுநேரம் எழுந்திருக்கவில்லையாம்.

சாயங்காலம் நான் இன்ஸ்டிடியூட்டிலிருந்து வந்தபோது அப்பா தலை துவட்டிக்கொண்டு நின்றார். என்னைப் பார்த்ததும், "செங்கோட்டை சுத்தமான செப்டென்ட்ரியோனல்" என்றார். டெல்லி அங்கிருந்தும் வடக்குதானே என்று நான் கேட்கப் போகவில்லை. அன்றே டெல்லிக்கு மன்னிப்புக் கேட்டுத் தந்தி போயிற்று. செங்கோட்டைக்குக் கடிதம் போயிற்று.

எட்டு மாசம் கழித்து எவன் காத்திருப்பான் என்று நான் பயந்துகொண்டுதான் இருந்தேன். மூன்றாம் நாள் மாப்பிள்ளையின் அம்மா நேரிலேயே வந்துவிட்டார். "வேற எடம் பாக்க அவன் சம்மதிக்கல்ல. ஜாதகம் மட்டும்தானே திரும்பி வந்தது, போட்டோ வரலியே, அப்போ இன்னும் முடியல்லன்னு சொல்லிக்கிட்டு இருந்தான்" என்றார். எனக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. அம்மா என்னைப் பார்க்காமல் பாயை உதறிப் போட்டார்.

ஆவணியில் கல்யாணம். காலை முகூர்த்தம். அம்மி மிதித்து முடித்ததும் ஐயர் எங்களைப் பந்தலுக்கு வெளியே கூட்டிக்கொண்டு போய், கொளுத்துகிற வெயிலில் கையை நீட்டி, "அதோ அருந்ததி, பாத்துக்கோங்க" என்றார். பட்டப்பகலில் நட்சத்திரம் பார்ப்பது நம் கல்யாணங்களில் முதல் பொய். எல்லாரும் பார்த்தேன் என்பார்கள், நாங்களும் சொல்ல வாயெடுத்தோம். அதற்குள் அப்பா குறுக்கே வந்துவிட்டார். அருந்ததி இருப்பது சப்தரிஷி மண்டலத்தில், சப்தரிஷி இருப்பது வடக்கில், ஐயர் கை நீட்டியது தென்கிழக்கில். "சாமி, அது செப்டென்ட்ரியோனல் இல்ல" என்று சொல்லி ஐயரின் கையைப் பிடித்து, பூட்டுத் திறக்கிற மாதிரி மெதுவாகத் திருப்பி, வடக்கே கொண்டு போய் நிறுத்தினார். கல்யாண வீடே சிரித்தது. என் புருஷன் என் காதோரம், "எனக்கு ஏழு மாடும் தெரியுது" என்றார். அப்பா அவருக்கும் அந்தக் கதையைச் சொல்லி முடித்திருந்தார் என்று தெரிந்துகொண்டேன்.

இதெல்லாம் நடந்து ஏழெட்டு வருஷம் கழித்து, எண்பதுகளில் ஒரு சீசனுக்கு எல்லாரும் குற்றாலத்து மாமா வீட்டில் கூடியிருந்தோம். அப்பா ஓய்வு பெற்றிருந்தார். காம்பஸை என் மகளுக்கு விளையாடக் கொடுத்திருந்தார். என் புருஷன் மகளைத் தோளில் வைத்துக்கொண்டு அருவிக்குப் போக, அப்பாவும் அவர்கள் பின்னால் போனார். நான் சும்மா இருக்க மாட்டாமல் காம்பஸையும் மாமா வீட்டில் இருந்த தாலுகா வரைபடத்தையும் எடுத்துக்கொண்டு நான் பிறந்த அறைக்குள் போனேன். சர்வேயர் மகள் இல்லையா. கட்டில் கிடந்த இடத்தில் உட்கார்ந்து, இரும்பு ஏதும் பக்கத்தில் இல்லை என்று பார்த்துக்கொண்டு, செங்கோட்டைக்குக் கோடு போட்டேன். கோணமானியை வைத்தேன்.

இருபத்தைந்து டிகிரி. மேற்கே சாய்ந்தது.

மறுபடி அளந்தேன். அதே இருபத்தைந்து. ராயகிரிப் போலீஸ்காரர் கிழக்கே எவ்வளவு சாய்ந்தாரோ, என் புருஷன் மேற்கே அவ்வளவு சாய்ந்திருந்தார். ஒரு நூல் சாய்ந்தாலும் விடாத மனிதர், 'சுத்தமான செப்டென்ட்ரியோனல்' என்று என் முகத்தைப் பார்த்துப் பொய் சொல்லியிருக்கிறார். எனக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. இத்தனை வருஷத்துக்கு இது ஒன்று போதும், அவரை வைத்து வாழ்நாள் முழுக்கக் கேலி செய்யலாம் என்று அடுக்களைக்கு ஓடினேன். அம்மா கையில் எண்ணெய் தடவிக்கொண்டு பலாப்பழம் அரிந்துகொண்டிருந்தார்.

"அம்மா, அப்பா என்ன வேலை செஞ்சிருக்காங்க தெரியுமா? செங்கோட்டை வடக்கே இல்ல. இருபத்தஞ்சு டிகிரி சாயுது!"

"தெரியும்" என்றார் அம்மா.

"தெரியுமா?"

"அன்னைக்கு இங்கன இருந்து குடையை விரிக்காமலே நனைஞ்சுக்கிட்டு வந்தாங்கல்லா, நேரே அடுக்களைக்குத்தான் வந்தாங்க. 'இருபத்தஞ்சு டிகிரி சாயுது, என்ன செய்ய'ன்னு கேட்டாங்க. 'பிள்ளைக்கு அந்தப் பையனைப் பிடிச்சிருக்கு'ன்னு சொன்னேன்."

"ஒனக்கு எப்படித் தெரியும்?"

"முந்தின நாள் டிக்சனரியை வெயில்ல வச்சேன். எப்பவும் மூடுன மேனிக்கே வச்சு எடுப்பேன், அன்னைக்குக் காத்துல பக்கம் பெரண்டு போட்டோ விழுந்துச்சு. அதைப் பாத்துட்டுத்தான அந்த அண்ணன் தம்பிக்குக் காபி கொண்டுட்டு வந்தேன்."

பலாச்சுளையைப் பிரித்து என் கையில் வைத்தார். நான் அப்பா என்ன சொன்னார் என்று கேட்டேன்.

"தலையில இருந்து தண்ணி சொட்டுது. 'எட்டு மாசமா எங்கூட மல்லுக்கட்டுதா. இதை ஒரு தடவைகூட அவ சொல்லலியே'ன்னாங்க. அதுக்கப்புறம் டிகிரியைப் பத்திப் பேசல."

ஜோசியம் பொய் என்று சொல்லியிருக்கிறேன். சொல் வழக்கொழிந்தது என்று சொல்லியிருக்கிறேன். தெற்குக்கும் மேற்குக்கும் லத்தீன் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். அரிவாள்மணையைக்கூடத் தூக்கிக்கொண்டு வந்திருக்கிறேன். எனக்கு அவரைப் பிடிச்சிருக்கு என்று சொன்னேனா என்று எட்டு மாசத்தையும் மனசுக்குள் புரட்டிப் பார்த்தேன். ஒரு நாளும் சொல்லவில்லை.

"அவங்க கிட்டச் சொல்லப் பயம்னா சரி" என்றார் அம்மா. அடுத்த சுளையைப் பார்த்துக்கொண்டே பேசினார். "எங்கிட்டயாவது சொல்லிருக்கலாம்லா ஏட்டி. நான் அடுக்களையிலதான இருந்தேன்."